சங்கரதாஸ் சுவாமிகள்: உப்புக் கணக்கிலிருந்து நாடக மேடைக்கு

சங்கரதாஸ் சுவாமிகள் (7 செப்டம்பர் 1867 – 13 நவம்பர் 1922) தூத்துக்குடி மண் தந்த நாடக ஆசிரியர், நடிகர், பயிற்சியாளர். தமிழ் நாடக உலகம் இவரைத் 'தலைமை ஆசிரியர்' என்று போற்றுகிறது. வள்ளி திருமணம், பவளக்கொடி, அல்லி அர்ஜுனா, சத்தியவான் சாவித்திரி, கோவலன் சரித்திரம், நல்லதங்காள், பிரகலாதன், சதி அனுசூயா, ஞானசௌந்தரி என நீளும் இவருடைய நாடகங்களை 68 என்று கணக்குச் சொல்வது வழக்கம். தமிழில் பேசும்படம் பிறந்தபோது அதன் கைக்கு எட்டிய முதல் சரக்கு பெரும்பாலும் இந்தக் கதைகளே.

எத்தனை நாடகம் என்கிற கணக்கைவிட முக்கியமான செய்தி ஒன்று இவர் வாழ்க்கையில் இருக்கிறது. மாதச் சம்பளம் தந்த உத்தியோகத்தை விட்டுவிட்டுக் கூத்தாடப் போனவர் இவர். 'கூத்தாடி' என்பது வசைச் சொல்லாக இருந்த காலம் அது. நாடகக்காரனுக்குக் குடியிருக்க வீடு கிடைப்பது கடினம், பெண் கிடைப்பது அதனினும் கடினம். கலைமீது கொண்ட ஆசைக்கும் குடும்பமும் ஊரும் எதிர்பார்த்த கடமைக்கும் நடுவில் அகப்பட்டவர்கள் எல்லா நாட்டிலும் உண்டு. இவர் அந்தச் சிக்கலைத் தீர்த்துக்கொண்ட விதம் தனி: மேடையையே கடமையாக்கிக்கொண்டார். அந்த ஏற்பாட்டால் தமிழ் நாடகம் பெற்றது நிறைய. அதற்கு விலை கொடுத்தவர்களும் உண்டு.

ஊர்

சுவாமிகள் பிறந்தது தூத்துக்குடியை அடுத்த காட்டுநாயக்கன்பட்டி. தந்தை தாமோதரத் தேவர், தாய் பேச்சியம்மாள். இராமாயணத்தில் ஆழ்ந்த புலமை உள்ளவர் என்று தந்தைக்குப் பெயர் இருந்தது. மகனுக்கு இட்ட பெயர் சங்கரன்.

அவர் வளர்ந்த காலத்துத் தூத்துக்குடி விறுவிறுவென்று மாறிக்கொண்டிருந்த ஊர். 1876-ல் ரயில் வந்தது. பருத்தி ஏற்றுமதி பெருகி, 1888-ல் ஆர்வி சகோதரர்களின் கோரல் மில் எழுந்தது. கொழும்புக்குப் போகிறவர்கள் ரயிலை விட்டு இறங்கி இங்கேதான் கப்பல் ஏறினார்கள். 1914-ல் தனுஷ்கோடி வழி திறக்கும்வரை இலங்கைக்கு இதுவே வாசல். கடலடியில் சிப்பி விளைந்த ஆண்டுகளில் முத்துக் குளிப்பு நடக்கும் சலாபம் கூடும். 1889-ல் நடந்த சலாபத்தை நேரில் பார்த்து எட்கர் தர்ஸ்டன் விரிவாக எழுதிவைத்திருக்கிறார். பரதவக் குளியாட்கள், வியாபாரிகள், அதிகாரிகள், வேடிக்கை பார்க்க வந்தவர்கள் என்று கரை முழுவதும் ஆள் நிறையும். கூட்டமும் காசும் சேருகிற இடத்துக்கு நாடகக் கம்பெனிகள் வராமல் இருக்குமா?

முத்து நினைத்த ஆண்டுதான் விளையும். உப்பு ஆண்டுதோறும் விளையும். ஊருக்கு அன்றாடச் சோறு போட்டது உப்பளம்தான். பாத்தியில் வாரிக் குவித்த உப்பு அம்பாரமாகும், அம்பாரம் மூட்டையாகும், ஒவ்வொரு மூட்டையும் கணக்கில் ஏறும். உப்பு அரசாங்கத்துக்கு வரி தரும் சரக்கு என்பதால் அந்தக் கணக்கில் பிசகு இருக்கக் கூடாது. எழுதப் படிக்கத் தெரிந்த இளைஞனுக்கு உப்புக் கம்பெனியில் கணக்கர் வேலை என்றால் அந்நாளில் அது மரியாதையான பிழைப்பு. சங்கரன் அந்த வேலையில்தான் சேர்ந்தார்.

ஊரைச் சுற்றி ஆட்டத்துக்கும் பாட்டுக்கும் குறைவில்லை. கடற்கரைக் கத்தோலிக்க ஊர்களில் பாஸ்கு முதலிய வேத நாடகங்கள் நடந்தன. உள்நாட்டில் வில்லுப்பாட்டும் கணியான் கூத்தும். சற்று மேற்கே கழுகுமலை முருகன்மேல் அண்ணாமலை ரெட்டியார் பாடிய காவடிச் சிந்து நாடெங்கும் பரவிக்கொண்டிருந்தது. ரெட்டியார் 26 வயதிலேயே மறைந்துவிட்டார். அந்தச் சிந்து மெட்டுகள் பிறகு நாடக மேடையில் எவ்வளவு காலம் ஒலித்தன என்பதைப் பழைய நாடகப் பாட்டுப் புத்தகங்களைப் புரட்டினால் தெரியும்.

புலமை

சங்கரன் முதலில் தந்தையிடமும், பிறகு பழனி தண்டபாணி சுவாமிகளிடமும் தமிழ் கற்றார். அங்கே உடன் பயின்றவர் உடுமலை முத்துசாமிக் கவிராயர். அவரும் பின்னாளில் நாடகத்துக்குப் பாட்டெழுதிப் புகழ்பெற்றார். வெண்பா, கலித்துறை, விருத்தம், வண்ணம் எல்லாம் சங்கரனுக்கு இளமையிலேயே கைவந்தன. அன்றைக்கு இவ்வளவு யாப்பறிவு உள்ள ஒருவர் மடத்திலோ சமஸ்தானத்திலோ ஒதுங்கியிருப்பார், அல்லது பள்ளிக்கூடத்தில் தமிழ்ப் பண்டிதர் ஆகியிருப்பார். கொட்டகைக்குப் பாட்டெழுதுவது புலவர்கள் இழிவென்று கருதிய காரியம்.

ஒரே ஆண்டில் இரண்டு வழிகள்

தம் 24-ஆம் வயதில், அதாவது 1891-ஐ ஒட்டி, சங்கரன் உப்புக் கம்பெனி வேலையை விட்டுவிட்டு நாடகத்துக்குப் போனார். ராமுடு ஐயர், கல்யாணராமையர் ஆகியோரின் நாடகக் குழுவில் நடிகராகவும் ஆசிரியராகவும் சேர்ந்தார்.

அதே 1891 ஜூலை 1-ஆம் தேதி சென்னையில் பம்மல் சம்பந்த முதலியார் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். இந்த இரு நிகழ்ச்சிகளையும் அருகருகே வைத்துப் பார்க்க வேண்டும். சுகுண விலாச சபையில் நடித்தவர்கள் வக்கீல்கள், உத்தியோகஸ்தர்கள், படித்த கனவான்கள். பகலில் அலுவலுக்குப் போய்விட்டு மாலையில் ஒத்திகைக்கு வந்தவர்கள். நாடகம் அவர்களுக்குச் சோறு போடவில்லை. அதனாலேயே அவர்களை யாரும் கூத்தாடி என்று சொல்லவில்லை. பம்மல் வக்கீலாகி, பிறகு நீதிபதியாகவும் இருந்து, இடையில் தொண்ணூற்றுக்கு மேற்பட்ட நாடகங்களையும் எழுதினார். கலையையும் கடமையையும் இரண்டு வேளைகளாகப் பிரித்துக்கொண்ட புத்திசாலித்தனம் அது.

சங்கரனுக்கு அப்படிப் பிரித்துக்கொள்ள வாய்ப்பில்லை. தொழில்முறைக் கம்பெனி ஊர் ஊராகப் போகும், மூன்று மாதம் ஓர் ஊர், அடுத்து இன்னோர் ஊர். வசூல் இல்லையென்றால் படுதாவும் பெட்டியும் கடனுக்கு அடகு. அதில் கால் வைத்தவன் முழுவதுமாகத்தான் வைக்க வேண்டும். கனவான்கள் சபை தமிழ் நாடகத்துக்கு மரியாதை வாங்கித் தந்தது, அதை மறுப்பதற்கில்லை. ஆனால் பட்டி தொட்டியெங்கும் நாடகம் இன்றும் நடக்கிறதென்றால் அது சங்கரன் போன வழியில் வந்தது என்பதே இக்கட்டுரையாளரின் துணிபு.

வேடமும் துறவும்

நடிகராக அவருக்கு வாய்த்தவை அச்சுறுத்தும் வேடங்கள்: இரணியன், இராவணன், எமதருமன், சனீஸ்வரன். கட்டையான குரலும் உருவமும் அவற்றுக்குப் பொருந்தின. அவர் வேடத்தைக் கண்டு கர்ப்பிணி ஒருத்திக்குத் தீங்கு நேர்ந்தது என்றும், அதனால் மனம் நொந்து வேடம் போடுவதையே விட்டார் என்றும் நாடகக்காரர்கள் வழிவழியாகச் சொல்லி வருகிறார்கள். சிலர் சாவித்திரி நாடகத்தில் எமனைப் பார்த்து மயங்கிய பெண் என்பார்கள். சிலர் சனீஸ்வரன் வேடத்தோடு விடியற்காலை குளத்துக்குப் போனபோது துவைத்துக்கொண்டிருந்த பெண் என்பார்கள். கதை எப்படியிருந்தாலும் அவர் நடிப்பை விட்டு ஆசிரியப் பணிக்குத் திரும்பியது உண்மை. சாமி நாயுடு கம்பெனியில் ஆசிரியராக இருந்த காலம் இதனை ஒட்டியது.

பிறகு அதையும் உதறிவிட்டு முருகன் தலங்களுக்கு யாத்திரை புறப்பட்டார். கௌபீனமும் காவியுமாகத் திரிந்ததால் சங்கரன் 'சங்கரதாஸ் சுவாமிகள்' ஆனார். திருமணம் செய்துகொள்ளவில்லை. நாடகத்தை விட்டவர், குடும்பத்தையும் ஏற்காதவர் என்று அந்தக் கதை அங்கேயே முடிந்திருக்கக்கூடும்.

புதுக்கோட்டையில் அவரைப் பிடித்து நிறுத்தியவர் கஞ்சிரா மேதை மான்பூண்டியா பிள்ளை. கஞ்சிராவைக் கச்சேரி மேடைக்குக் கொண்டுவந்த பெருமை உடைய இவர், சுவாமிகளைச் சுவீகாரப் புத்திரனாகவே ஏற்றுக்கொண்டார். சந்தத்திலும் தாளத்திலும் சுவாமிகளுக்கு இருந்த பிடிப்பு இந்த உறவால் இன்னும் இறுகியது. பிள்ளையின் வற்புறுத்தலால் சுவாமிகள் மீண்டும் நாடகத்துக்கு வந்தார். வள்ளி வைத்தியநாதையர், அல்லி பரமேசுவர ஐயர், வேலு நாயர் ஆகியோரின் கம்பெனிகளில் ஆசிரியராக இருந்தார். வள்ளி நாடகத்தால் ஒருவருக்கும் அல்லி நாடகத்தால் மற்றவருக்கும் பெயருக்கு முன் அடைமொழியே வந்துவிட்டதைக் கவனியுங்கள். நாடகம் அவ்வளவு தூரம் ஆளின்மேல் ஒட்டிக்கொண்ட காலம்.

நாடகத்தைத் தாளில் ஏற்றியவர்

சுவாமிகளுக்கு முன்பும் தமிழில் நாடகங்கள் உண்டு. ஆனால் தொழில் மேடையில் பாட்டுகள்தான் நிலையானவை. வசனம் நடிகனின் வாய்க்கு வந்தது. ஒருவன் இன்று பத்து நிமிடம் பேசுவான், நாளை ஒரு மணி நேரம் பேசுவான். எதிரே நிற்பவன் திணறுவான். மேடையில் சொந்தச் சண்டையைத் தீர்த்துக்கொள்வதும் உண்டு. தெலுங்கு, மராத்தி, பார்சி கம்பெனிகள் தென்னாட்டுக்கு வந்து திரைச்சீலையும் ஜாலமும் காட்டிப் போன பிறகு, தமிழ்க் கம்பெனிகள் அவற்றைப் பார்த்துக் காட்சியைப் பெருக்கினவே தவிரப் பாடத்தைச் சீர்செய்யவில்லை.

கணக்கராக இருந்தவர் இங்கே வேலையைத் தொடங்கினார் என்று சொன்னால் மிகையாகாது. யார் எப்போது வர வேண்டும், வந்ததும் என்ன பாட்டு, எந்த ராகம், எந்தத் தாளம், பாட்டு முடிந்ததும் என்ன வசனம், அதற்கு எதிராளி என்ன பதில் என்று அனைத்தையும் எழுதிவைத்தார். காட்சிக்குக் காட்சி விருத்தம், வெண்பா, கீர்த்தனை, சிந்து, பார்சி மெட்டு, வசனம் எனக் கலந்து தொடுத்தார். பாடுகிற ஆளின் குரலுக்கு ஏற்ற மெட்டு, பாமரனுக்கும் விளங்கும் சொல், புலவனும் குறை காணாத யாப்பு ஆகிய மூன்றையும் ஒருசேரப் பிடித்தவர் அவரளவுக்கு வேறு யாரும் இல்லை.

வள்ளி திருமணத்தில் இதைத் தெளிவாகக் காணலாம். கதை எல்லாருக்கும் தெரிந்ததே. தினைப்புனம் காக்கும் குறப்பெண்ணை முருகன் மணக்கிறான். சுவாமிகள் அதில் ஏற்றிய பெருஞ்சரக்கு தர்க்கம். நாரதர் வந்து வள்ளியிடம் முருகனை மணக்கச் சொல்கிறார். வள்ளி கேள்வி கேட்கிறாள். ஆண்டவனுக்கு ஏற்கெனவே ஒரு மனைவி இருக்கிறாளே என்கிறாள். நாரதர் சாத்திரம் சொல்கிறார். அவள் அதைப் புரட்டிப் போடுகிறாள். இடைவெளி விட்டு எழுதிய பாடம் இது. நல்ல வள்ளியும் நல்ல நாரதரும் அமைந்தால் அந்த இடைவெளியை ஊர் நடப்பாலும் தம் படிப்பாலும் நிரப்பிக்கொள்ளலாம், ஆனால் தொடக்கமும் முடிவும் ஆசிரியர் குறித்த இடத்தில்தான் இருக்கும். பின்னாளில் தேசிய இயக்கத்து நடிகர் எஸ்.எஸ். விசுவநாததாஸ், வள்ளி ஆலோலம் பாடிப் பறவை ஓட்டும் காட்சியை வெள்ளைக் கொக்கை விரட்டும் காட்சியாக்கி வெள்ளையரைச் சாடினார். அதற்காகவும் சிறை சென்றார். 1940 டிசம்பர் 31 இரவு சென்னையில் முருகன் வேடத்தில் மயில்மேல் அமர்ந்தபடியே அவர் உயிர் பிரிந்தது. அன்று நடந்ததும் வள்ளி திருமணம்தான்.

புராணத்தோடு அவர் நிற்கவில்லை. ரோமியோ ஜூலியட் கதையைத் தமிழ் மேடைக்குத் தந்தார். கிறிஸ்தவர்களிடையே புழங்கிய ஞானசௌந்தரி கதையையும் நாடகமாக்கினார். தேவமாதாவின் அருளால் இழந்த கைகளைப் பெறும் பெண்ணின் கதையை ஒரு முருகபக்தர் எழுதியது சிலருக்கு வியப்பாக இருக்கலாம். பனிமயமாதா கோயில் திருவிழாவுக்குச் சாதி, மதம் பாராமல் கூட்டம் சேரும் ஊரில் வளர்ந்தவருக்கு அது இயல்பானதே.

குறை இல்லாமல் இல்லை. நாடகங்களில் பாட்டு மிகுதி. கதை நகராமல் நிற்கிற இடங்கள் உண்டு. நீதி சொல்வது சில நேரம் காட்சியை அழுத்திவிடும். சாவித்திரி, அனுசூயா, சுலோசனா, நல்லதங்காள் என்று அவர் பெண் பாத்திரங்களில் பலர் கற்பின் பெயரால் துன்பப்படவே படைக்கப்பட்டவர்கள். அல்லியும் வள்ளியும் இந்த வரிசையில் சேராதவர்கள், அதனால்தான் இன்றைய பார்வையாளரையும் அவர்கள் இழுக்கிறார்கள்.

பாய்ஸ் கம்பெனி

1910-ல் சுவாமிகள் சமரச சன்மார்க்க நாடக சபையைத் தொடங்கினார். செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பாவும் அவர் சகோதரர்களும் அங்கே பயின்றார்கள். மதுரை மாரியப்ப சுவாமிகளும் அந்தப் பள்ளியில் வந்தவரே. 1918-ல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை அமைந்தது. இதில் நடிப்பவர்கள் எல்லாரும் சிறுவர்கள்.

சிறுவர்களை ஏன் தேடினார்? வயது வந்த நடிகர்கள் குடித்துவிட்டு வந்தார்கள், முன்பணம் வாங்கிக்கொண்டு வராமல் போனார்கள், எழுதிய பாடத்தைப் பேச மறுத்தார்கள். வளைக்க முடியாததை விட்டுவிட்டு முளையிலிருந்து வளர்க்கத் தீர்மானித்தார். சபை குருகுலம் போல நடந்தது. விடியலில் எழுந்து சாதகம், பிறகு பாடம், மாலை ஒத்திகை, இரவு நாடகம். பாடம் தப்பினால் அடி விழும். 'வாத்தியார்' என்ற சொல் நாடக உலகில் பெற்ற கனம் அங்கிருந்து வந்தது.

சபை அமைந்த அந்த ஆண்டே டி.கே. சங்கரன், டி.கே. முத்துசாமி, டி.கே. சண்முகம் ஆகிய சகோதரர்கள் சபையில் சேர்ந்தார்கள். சண்முகத்துக்கு அப்போது ஆறு வயது. தந்தை கண்ணுசாமிப் பிள்ளை பெண் வேடத்தில் பெயர்பெற்றவர். சண்முகம் பின்னாளில் எழுதிய 'எனது நாடக வாழ்க்கை' சுவாமிகளைப் பற்றி நமக்குக் கிடைக்கும் மிக நெருக்கமான சாட்சியம். அதில் மறக்க முடியாத செய்தி அபிமன்யு சுந்தரி நாடகம் எழுதப்பட்ட இரவு. சிறுவனுக்கு ஏற்ற பாத்திரம் வேண்டும் என்ற பேச்சு வந்ததும் சுவாமிகள் விளக்கை எடுத்துக்கொண்டு அறைக்குள் போனார். நான்கு மணி நேரம் நடக்கக்கூடிய நாடகம், பாட்டும் வசனமுமாக, விடிவதற்குள் அடித்தல் திருத்தல் இல்லாமல் முடிந்திருந்தது. சண்முகம்தான் அபிமன்யு.

இதைப் படிக்கும்போது சிறுவர்களின் பக்கத்தையும் யோசிக்க வேண்டும். வறுமையில் வாடிய குடும்பங்கள்தான் பிள்ளைகளைக் கம்பெனிக்கு அனுப்பின. பள்ளிப்படிப்பு நின்றது; தாயைப் பிரிந்து ஊர் ஊராகப் போனார்கள்; குரல் உடைந்ததும் வேடம் போயிற்று, பலருக்கு வாழ்வும் போயிற்று. நட்சத்திரம் ஆனவர்களின் பெயர் நமக்குத் தெரியும். வேறு கம்பெனிகளும் இதே முறையைப் பின்பற்றின. மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் பி.யு. சின்னப்பாவும் எம்.ஜி.ஆரும் வளர்ந்தார்கள். பெயர் தெரியாமல் போனவர்கள் அவர்களைப் போலப் பல மடங்கு. தாம் கடமையை விட்டு வந்த குறையைச் சுவாமிகள் ஒழுக்கத்தால் ஈடுகட்ட நினைத்தார் என்றால், அந்த ஒழுக்கத்தின் சுமையைத் தாங்கியவர்கள் ஏழெட்டு வயதுப் பிள்ளைகள்.

கடைசி ஆண்டுகளும் கடலுக்கு அப்பால் ஒரு படமும்

1921-ல் சுவாமிகளைப் பக்கவாதம் தாக்கியது. பேச்சும் நடையும் தளர்ந்த நிலையிலும் சபையை விட்டுப் பிரியவில்லை. பிள்ளைகளோடு ஊர் ஊராகப் பயணம் செய்தார். சபை புதுச்சேரியில் முகாமிட்டிருந்தபோது 1922 நவம்பர் 13 இரவு காலமானார். கருவடிக்குப்பத்தில் அவர் சமாதி இருக்கிறது.

அவர் நோயுற்ற அதே 1921-ல் ஜப்பானில் 'ரோஜோ நோ ரெய்கொன்' என்ற மௌனப்படம் வெளியானது. ஷோசிகு நிறுவனத்துக்காக மினோரு முராத்தா இயக்கியது. வயலின் கலைஞனாக வேண்டுமென்று வீட்டை விட்டு ஓடிய மகன், தோற்றுப்போய், மனைவியோடும் நோயுற்ற குழந்தையோடும் பனியில் நடந்து தந்தை வீட்டுக்குத் திரும்புகிறான். தந்தை மனம் இளகவில்லை. அந்தத் தந்தையாக நடித்த கவோரு ஒசனாய் ஜப்பானிய நவீன நாடக இயக்கத்தின் முன்னோடி. அதுவரை ஜப்பானியப் படங்களில் பெண் வேடத்தைப் பெரும்பாலும் ஆண்களே ஏற்றார்கள், நம் ஸ்திரீபார்ட் போல. இந்தப் படத்தில் பெண்களே நடித்தார்கள். வீட்டுக் கடமையை விட்டுக் கலைக்குப் போனவன் திரும்பி வந்தால் என்ன ஆகும் என்பதை அங்கே திரையில் நேராகக் கேட்டுவிட்டார்கள். தமிழ்ச் சினிமா அந்தக் கேள்விக்கு வர நெடுங்காலம் ஆயிற்று. நம்மவர்கள் முதலில் எடுத்தது நாடகக்காரர்களின் கதைகளை. நாடகக்காரர்களின் வாழ்க்கையை அல்ல.

திரை

1931 அக்டோபர் 31-ல் முதல் தமிழ்ப் பேசும்படமான காளிதாஸ் வந்தது. படமெடுக்க முதல் போட்டவர்களுக்கு அடுத்த கேள்வி, கதைக்கு எங்கே போவது? மக்களுக்குப் பாட்டோடு மனப்பாடமான கதைகள் கையருகே இருந்தன. 1933-ல் கல்கத்தாவில் எடுத்த வள்ளி திருமணம் வந்தது. பி.வி. ராவ் இயக்கம், டி.பி. ராஜலட்சுமி வள்ளி. நல்ல வசூல். 1934-ல் பவளக்கொடி. மேடையில் அந்த நாடகத்தை ஆடிக்கொண்டிருந்த எம்.கே. தியாகராஜ பாகவதரும் எஸ்.டி. சுப்புலட்சுமியும் அப்படியே திரைக்கு வந்தார்கள், வக்கீலான கே. சுப்பிரமணியம் இயக்குநரானார். மூவருக்கும் இதுவே முதல் படம். விளக்கு வசதி போதாமல் சூரிய வெளிச்சத்தில் எடுத்தார்கள். ஐம்பது பாட்டுக்கு மேல் இருந்தும் யாரும் அலுத்துக்கொள்ளவில்லை. பாட்டு கேட்கத்தான் கூட்டமே வந்தது. 1945-ல் ஏ.வி. மெய்யப்பன் எடுத்த ஸ்ரீவள்ளி டி.ஆர். மகாலிங்கத்தை உச்சத்தில் ஏற்றியது. ஞானசௌந்தரி 1948-ல் இரண்டு நிறுவனங்களால் போட்டி போட்டுக்கொண்டு எடுக்கப்பட்டது. சிட்டாடலின் படம் ஓடியது, ஜெமினியின் படம் நிற்கவில்லை.

சுவாமிகளின் மாணவர்களில் பெரும்புகழ் பெற்ற கிட்டப்பா இந்தக் காலத்தைப் பார்க்கவில்லை. 1933 டிசம்பர் 2-ல், 27 வயதில் மறைந்தார். கொடுமுடி கே.பி. சுந்தராம்பாளும் அவரும் சேர்ந்து நடித்த வள்ளி திருமணம் தமிழகத்தையும் இலங்கையையும் ஒரு கலக்குக் கலக்கியது. இருவரும் வாழ்விலும் இணைந்தபோது கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே குடும்பம் இருந்தது. அவருடைய சாதி வேறு, சுந்தராம்பாளின் சாதி வேறு. ஆணுக்குக் கலை கொடுத்த சலுகையைப் பெண்ணுக்குக் கொடுக்கவில்லை. கிட்டப்பா இறந்த பின் சுந்தராம்பாள் வெள்ளை உடுத்தார். ஆணுக்கு ஜோடியாக நடிப்பதில்லை என்று உறுதிகொண்டார். 1935-ல் நந்தனார் படத்தில் நந்தனாராகவே நடித்தார். அதற்கு அவர் பெற்ற ஒரு லட்சம் ரூபாய் அன்று இந்தியாவே வாய்பிளந்த தொகை.

நாடகக்காரர் வாழ்க்கை திரைக்கு வந்ததில் குறிப்பிட வேண்டியது 2014-ல் வசந்தபாலன் இயக்கிய காவியத்தலைவன். நாசர் ஏற்ற சிவதாஸ் சுவாமிகள் என்ற குரு, சங்கரதாஸ் சுவாமிகளை மனத்தில் வைத்து உருவானவர். சித்தார்த்தும் பிருத்விராஜும் அவருடைய சீடர்கள். வசனம் ஜெயமோகன், இசை ஏ.ஆர். ரகுமான். கலைக்கு முழுவதுமாகத் தன்னைக் கொடுக்க வேண்டியவன் காதலித்தான் என்பதற்காகக் குரு தண்டிக்கும் இடம் படத்தின் நடுநரம்பு. சுவாமிகளின் துறவு மாணவர்களிடம் எதைக் கேட்டிருக்கும் என்பதை இப்படம் ஊகித்துப் பார்த்திருக்கிறது. படம் பெரிதாக ஓடவில்லை. அதற்காக அந்த ஊகத்தைத் தள்ளிவிட முடியாது.

இன்று

சென்னையில் நடிகர் சங்க வளாகத்து அரங்கு அவர் பெயரைத் தாங்கியது. 2019 சங்கத் தேர்தலில் ஓர் அணியே 'சுவாமி சங்கரதாஸ் அணி' என்று பெயர் வைத்துக்கொண்டு நின்றது. வாக்குக் கேட்க அவர் பெயர் இன்னும் உதவுகிறது. புதுவைப் பல்கலைக்கழகத்தில் நிகழ்கலைப் பள்ளிக்கு அவர் பெயர். மதுரை தமிழ்ச் சங்கம் சாலையில் அவர் சிலை நிற்கிறது. நாடக நடிகர்கள் அதற்கு மாலை போட்டு வணங்குகிறார்கள்.

சிலையைவிடப் பெரிய நினைவுச் சின்னம் ஸ்பெஷல் நாடகம். மதுரை, புதுக்கோட்டை, காரைக்குடி வட்டாரங்களில் கோயில் கொடைக்கும் திருவிழாவுக்கும் இன்றும் நடக்கிறது. இதில் நிரந்தரக் கம்பெனி கிடையாது. ராஜபார்ட் ஓர் ஊர், ஸ்திரீபார்ட் இன்னோர் ஊர், பபூன் வேறிடம், ஹார்மோனியக்காரர் மற்றோரிடம். ஒவ்வொருவரையும் ஊர்க்காரர்கள் தனித்தனியாகப் பேசி முன்பணம் கொடுத்து அழைக்கிறார்கள். படத்தோடு நோட்டீஸ் அடிக்கிறார்கள். நடிகர்கள் அன்றிரவு கொட்டகையில்தான் ஒருவரையொருவர் பார்க்கிறார்கள். ஒத்திகை கிடையாது. ஆனாலும் இரவு பத்து மணிக்குத் தொடங்கி விடியும்வரை நாடகம் பிசகில்லாமல் போகிறது. எல்லாருக்கும் சுவாமிகளின் பாடம் தெரியும் என்பதே காரணம். நூறு ஆண்டுக்கு முன் எழுதிய பாடம் இப்படி உயிரோடு புழங்குவது உலக நாடக வரலாற்றிலேயே அரிது.

இந்த நடிகர்களைப் பற்றி அமெரிக்க மானிடவியலாளர் சூசன் சைசர் 2005-ல் விரிவான நூல் ஒன்றை வெளியிட்டார். மேடையில் கைதட்டி ரசிக்கும் ஊரே மேடைக்கு வெளியே அவர்களை, முக்கியமாகப் பெண்களை, ஒதுக்கி வைக்கிறது என்பதை அவர் பதிவு செய்திருக்கிறார். உப்புக் கம்பெனியை விட்டுச் சங்கரன் போனபோது இருந்த வசை இன்னும் முழுவதுமாகத் தீரவில்லை.

தூத்துக்குடிக்காரர்களுக்கு வ.உ.சி.யைத் தெரியும், பாரதியைத் தெரியும்; காட்டுநாயக்கன்பட்டிச் சங்கரனைத் தெரிந்தவர்கள் குறைவு. அவரை அறிய விரும்புகிறவர்கள் புத்தகத்தைத் தேடுவதற்கு முன் ஒரு வள்ளி திருமணத்தைப் பார்த்துவிடுவது நல்லது. பபூனும் நடனக்காரியும் முதல் இரண்டு மணி நேரத்தை எடுத்துக்கொள்வார்கள். நாரதர்–வள்ளி தர்க்கம் நள்ளிரவு தாண்டித்தான் வரும். அதற்கு முன் எழுந்து வீட்டுக்குப் போய்விடாதீர்கள்.